தப்பாகச் சொல்லிக் கேட்கிறவர்

மௌத்தாகி மண்ணுக்குள் போனவர்களைப் பற்றி நல்லதைத்தான் பேச வேண்டும் என்று எனக்கு ஓதிக்கொடுத்த பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அதனால் நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். அந்த மனிதருக்கு இங்கிலீஷ் அழகாக எழுத வரும். பாஸ்போர்ட்டு, விசா, பினாங்கில் இறந்துபோன தகப்பனின் கடை என்று எங்கள் ஊர்க்காரர்களுக்கு எந்த மனு வேண்டுமானாலும் காசு வாங்காமல் எழுதிக் கொடுப்பார். பிள்ளைகளை அதட்ட மாட்டார். வாடகை கேட்கும்படி வைத்துக்கொள்ள மாட்டார். இவ்வளவுதான். இதற்கு மேல் நல்லது சொல்ல வேண்டுமானால் நான் பொய் சொல்ல வேண்டியிருக்கும்.

பெயரை எழுதப்போவதில்லை. அவர் எங்களில் ஒருவர் பெயரையும் விட்டுவைக்கவில்லை என்பது வேறு. நான் சொல்லப்போகும் மற்றவர்களின் பெயரையும் மாற்றித்தான் எழுதுகிறேன்.

புதுக்கோட்டைச் சமஸ்தானம் இந்தியாவோடு சேர்ந்து சில வருஷம் ஆகியிருந்தது. அறந்தாங்கியிலிருந்து கடற்கரைக்கு வருகிற பஸ்ஸில் இரண்டு பெரிய டிரங்குப் பெட்டிகளோடு வந்து இறங்கினார். ஏதோ காலேஜில் சரித்திரம் சொல்லிக் கொடுத்தவர் என்றார். எந்தக் காலேஜ், ஏன் விட்டுவிட்டார் என்று யாராவது கேட்டால் பேச்சு வேறு பக்கம் போய்விடும். என் வீட்டு மச்சில் ஒரு அறை சும்மா கிடந்தது. நான் கருவாட்டு வியாபாரி. கரையில் வாங்கி உள்நாட்டுச் சந்தைகளுக்கு அனுப்புகிறவன். "வீடு நாறும் சார், ஒங்களுக்குச் சரிப்படுமா?" என்று முன்னாலேயே கேட்டேன்.

"எனக்கு எந்த நாத்தமும் ஒண்ணும் செய்யாது பாய்," என்றார். அப்போது அதை அடக்கமான பேச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

இந்த நூற்றாண்டில் உலகத்தில் நடந்த வேவு, ஒற்று வேலைகளுக்கெல்லாம் சரித்திரம் எழுதிக்கொண்டிருந்தார். முதல் யுத்தத்து ஒற்றர்களைப் பற்றி ஒரு புத்தகம் ஏற்கெனவே அச்சாகியிருந்தது. இரண்டாம் பாகம் நம் பக்கத்துக் கதை. ஜப்பான்காரன் மலேயாவைப் பிடித்து வைத்திருந்தபோது, அங்கே கடைகண்ணிகளில் வேலை பார்த்த நம் ஆட்களில் சிலருக்குப் பயிற்சி கொடுத்து, வெள்ளைக்காரனை வேவு பார்க்க நம் கரைகளில் கொண்டுவந்து இறக்கினான். அப்படி வந்தவர்களில் பலர் பிடிபட்டார்கள். சிலருக்குத் தூக்கு. தூக்கில் போனவர்களில் எங்கள் ஊர்ப் பிள்ளை ஒருவனும் உண்டு. அதற்காகத்தான் அவர் எங்கள் ஊருக்கு வந்தார்.

அந்த ஒற்றர்கள் என்ன சேதி சேகரித்தார்கள், அதனால் யுத்தத்தில் என்ன ஆயிற்று என்று நான் கேட்டால் சுருக்கமாகச் சொல்லி முடித்துவிடுவார். அதில் அவருக்கு ருசியில்லை. பிடிபட்டவனை யார் காட்டிக்கொடுத்தது? அதைக் கேள்விப்பட்டபோது வீட்டார் முகம் எப்படிப் போனது? இந்த இடம் வந்தால் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொள்வார். சீமையில் ஒரு பெண் தன் புருஷனைக் காட்டிக்கொடுத்த கதையை என் வீட்டில் சோறு தின்றுகொண்டே சொன்னார். அவனைத் துப்பாக்கியால் சுட்ட நேரத்தில் அவள் என்ன உடுத்தியிருந்தாள் என்பதுவரை தெரிந்து வைத்திருந்தார்.

அவருக்கு ஒரு வழக்கம். கேள்வியே கேட்க மாட்டார். தப்பாகச் சொல்வார். நாம் திருத்துவோம்.

சாகுல் டீக்கடையில் இதை நான் நாள்தோறும் பார்த்திருக்கிறேன்.

"சாகுல், உங்க அத்தா ரங்கூன்லதானே துணிக்கடை வச்சிருந்தாரு?"

"ரங்கூனா? யாரு சார் சொன்னா? ஈப்போவுல. துணிக்கடையும் இல்ல, சாப்பாட்டுக் கடை."

"ஆமா ஆமா, ஈப்போ. ஜப்பான்காரன் வந்தவுடனே பயந்து ஓடி வந்துட்டாரு."

"எங்கத்தாவா? நல்லாச் சொன்னீங்க. கடைசி வரைக்கும் அங்கிட்டுத்தான் இருந்தாரு. ஜப்பான் ஆபீசரே வந்து எங்க கடையில பொரட்டா தின்னுருக்கான், தெரியுமா?"

இந்த இடத்தில் அவர் மெல்லுவது நின்றுவிடும். எப்போதும் வாயில் எதையாவது போட்டு மென்றுகொண்டே இருப்பார். வேர்க்கடலையோ, பாக்கோ, ஒன்றுமில்லாவிட்டால் புளியங்கொட்டையோ. வேண்டிய சேதி வருகிறபோது தாடை அப்படியே நிற்கும். சேதி முடிந்ததும் மறுபடி அரைக்கத் தொடங்கும். ஆடு அசைபோடுகிறதைப் பார்த்திருக்கிறோம். அது பாவம், பசிக்குத் தின்கிறது.

சாகுல் விவரம் புரியாமல் சிரிப்பான். "புரபசருக்கு மறதி சாஸ்தி. நாளைக்கு என் பேரையே மாத்திச் சொல்லுவாரு. நான் திருத்திக் குடுத்து டீயும் குடுக்கணும்."

முதலில் கண்டுகொண்டது என் வீட்டுக்காரிதான். "மறதியாவது ஒண்ணாவது," என்றாள் ஒரு நாள். "நம்ம மம்மது மச்சானை ஒங்க சின்னம்மா மகன்னாரு. பெரியம்மா மகன்னு நான் கதவுக்குப் பின்னாலருந்து சொன்னேன். அப்பறம் யாரு யாரைக் கட்டுனா, யாரு வீட்ல பேச்சு வார்த்தையில்ல, எல்லாத்தையும் நானே வரிசையாச் சொல்லி முடிச்சப்பறந்தான் பாக்குறேன், பால் பொங்கி அடுப்பே அணைஞ்சு கெடக்கு. மறந்துபோன மனுசன் இப்புடி வாயைப் பாத்துக்கிட்டு இருக்க மாட்டாருங்க. கெணத்தடியில கெடக்குறதைக் கிளற அவுரு பாதாளக் கரண்டி போடுறாரு."

இதை அவர் ஒளிக்கவும் இல்லை. ஒரு தடவை திருமயத்திலிருந்து பஸ்ஸில் சேர்ந்து வந்தோம். வெயிலில் கோட்டைப் பாறை தகதகத்துக்கொண்டிருந்தது. அதைப் பார்த்தபடி பாடம் நடத்துகிறவர் மாதிரிச் சொன்னார்: "நல்ல ஒற்றன் கேள்வி கேக்க மாட்டான் பாய். கேள்வி கேட்டா ஆளு உஷாராயிடுவான். தப்பாச் சொல்லணும். மனுஷன் பசியைக்கூடப் பொறுத்துக்குவான், தப்பைப் பொறுக்க மாட்டான். அதுலயும் உங்க பக்கத்து ஆளுங்க இருக்காங்களே, உறவுமுறையை ஒண்ணு மாத்திச் சொன்னாப் போதும், குடும்பத்தையே கொண்டாந்து கொட்டிடுவாங்க."

"அப்ப நீங்க சரித்திரம் எழுதுறவரா, ஒற்றரா சார்?" என்று கேட்டேன்.

நான் ஏதோ பாராட்டிவிட்டது போலச் சிரித்தார்.

அரிமளத்தில் நடந்ததைச் சொல்ல வேண்டும். அங்கே ஒரு பழைய கான்ஸ்டபிள் படுக்கையில் கிடந்தார். யுத்த காலத்தில் எங்கள் கரையில் டியூட்டி பார்த்தவர். நான் அங்கே சந்தைக்குப் போகிறேன் என்று தெரிந்து நம் ஆள் என்னோடு புறப்பட்டார். கையில் அல்வாப் பொட்டலம். அந்தக் கிழவருக்கு மூச்சு வாங்கியது. மார்புக்கூடு ஏறி இறங்குவது போர்வைக்கு மேலே தெரிந்தது. நம் ஆள் பக்கத்தில் உட்கார்ந்து, அவர் கையைப் பிடித்துக்கொண்டு, இரக்கமான குரலில் ஆரம்பித்தார்.

"லஞ்சக் கேசுல உங்களை வேலையை விட்டு நீக்கினாங்கன்னு கேள்விப்பட்டு ரொம்பக் கஷ்டமாப் போச்சுங்க."

கிழவர் எழுந்திருக்கப் பார்த்தார். "லஞ்சமா? எவன் சொன்னான்? நான் பென்சன் வாங்குறவன்." இருமல் பிடித்துக்கொண்டது.

"அப்படியா. அப்ப கரையில வந்து இறங்கின அந்தப் பையனை உப்பளத்துல துரத்திச் சுட்டது வேற யாரோ போலிருக்கு."

"சுடலை... துரத்தவும் இல்லை. கொட்டகையில படுத்திருந்தான். எடத்தைச் சொன்னாங்க, போனோம்."

இருமல் நிற்கவில்லை. மருமகள் ஓடிவந்து தண்ணீர்த் தம்ளரை நீட்டினாள். நம் ஆள் அதை வாங்கினார். வாங்கித் தன் கையிலேயே வைத்துக்கொண்டார். "வெளியாள் எவனோ சொல்லியிருப்பான்," என்றார் மெதுவாக.

"வெளியாள் இல்லய்யா... வீட்டாளேதான்," என்றார் கிழவர். அதன் பிறகுதான் தண்ணீர் அவர் வாய்க்குப் போனது.

பஸ் ஸ்டாண்டுக்கு நடந்து வரும்போது நான் பொறுக்காமல் சொன்னேன். புறம் பேசுகிறவன் செத்த சகோதரனின் மாமிசத்தைத் தின்கிறவன் என்று எங்களுக்குச் சின்ன வயதிலேயே சொல்லிக்கொடுப்பார்கள் என்றேன். அவர் அல்வாப் பொட்டலத்தைப் பிரித்தார். கிழவருக்குக் கொடுக்க மறந்திருந்தார், அல்லது கொடுக்கவில்லை. ஒரு விள்ளல் வாயில் போட்டுக்கொண்டு, "பாய், உங்களுக்கு இது முன்னாடியே தெரியும்," என்றார்.

"எது?"

"வீட்டாள்தான் சொன்னான்னு. கிழவன் சொன்னப்ப நீங்க ஆச்சரியப்படலை."

எனக்கு உடம்பெல்லாம் புழு ஊர்ந்தது போல இருந்தது. என் முகத்தையும் அவர் மேய்ந்திருக்கிறார்.

எனக்குத் தெரியும்தான். எங்கள் ஜமாஅத்துப் பெரியவர்கள் ஐந்தாறு பேருக்குத் தெரியும். அவர்களில் என் அத்தாவும் ஒருவர். கடைசிக் காலத்தில் என்னிடம் சொல்லிவிட்டுப் போனார்.

தூக்கிலிடப்பட்டவனைச் சுல்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள். கல்யாணமாகி, பெண்டாட்டி மாசமாக இருந்தபோது பினாங்குக்குப் போனவன். யுத்தத்துக்கு நடுவில் ஜப்பான்காரன் கொண்டுவந்து இறக்கிவிட, உப்பளத்துக் கொட்டகையில் பதுங்கியிருந்தான். மீசை முளைக்காத தம்பி காதர்தான் சோறு கொண்டுபோய்க் கொடுத்தான். வீட்டில் வேறு யாருக்கும் தெரியாது. பெண்டாட்டி மரியத்துக்கும் தெரியாது. போலீஸ் மோப்பம் பிடித்து வந்து அவர்கள் தகப்பனாரைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் வெயிலில் நிறுத்தியது. வயசான மனிதர், இரண்டாம் நாள் விழுந்துவிட்டார். அத்தாவா அண்ணனா என்று வந்தபோது காதர் இடத்தைச் சொல்லிவிட்டான். அத்தா வீட்டுக்கு வந்தார், அதிக நாள் இருக்கவில்லை. சுல்தானை மெட்ராசுக்குக் கொண்டுபோனார்கள். அடக்கம் செய்ய ஜனாஸாகூட ஊருக்கு வரவில்லை.

யுத்தம் முடிந்த பிறகு காதர் பெரியவர்கள் முன்னால் வந்து நின்று நடந்ததைச் சொன்னான். அண்ணன் பெண்டாட்டியையும் பிள்ளையையும் தான் பார்த்துக்கொள்கிறேன், மரியத்துக்குச் சம்மதமானால் நிக்காஹ் செய்துகொள்கிறேன் என்றான். அவளிடம் சொல்ல வேண்டுமா வேண்டாமா என்று பெரியவர்கள் வெகுநேரம் பேசினார்கள். வேண்டாம் என்று முடிவானது. இனி இதை யாரும் வாய் திறக்கக் கூடாது என்றும் ஆனது. அந்த முடிவு சரியா தப்பா என்று அல்லாஹ்வுக்குத்தான் தெரியும். ஆனால் நிக்காஹுக்குப் பிறகு அந்த வீடு நன்றாக இருந்தது. சுல்தானின் மகனுக்குப் பின்னால் இரண்டு பெண் பிள்ளைகளும் பிறந்தார்கள். காதர் என் மண்டியில் எடை போட்டுக் கொடுப்பான். சத்தமாகப் பேசி நான் கேட்டதில்லை.

அரிமளத்திலிருந்து வந்ததும் காதரைக் கூப்பிட்டுச் சொன்னேன். "அந்த ஆளுகிட்டப் பேச்சே வச்சுக்காத. என்ன சொன்னாலும் ஆமான்னுட்டுப் போயிரு."

"நான் என்னண்ணே பேசப் போறேன்," என்றான். ஆனால் முகம் சுண்டிப்போனது.

அவரை வீட்டைக் காலி பண்ணச் சொல்லிவிடுவோமா என்று நானும் வீட்டுக்காரியும் பேசினோம். சொன்னால் அதுவே அவருக்கு ஒரு பதிலாகப் போய்விடும் என்றாள். அதுவும் உண்மைதான். அந்த மனிதர் பக்கத்தில் இருந்தால் பேசினாலும் பதில், பேசாவிட்டாலும் பதில். தொழுகையில் நிற்கும்போதுகூட மச்சில் அவர் நடக்கிற சத்தம் கேட்டால் எனக்கு மனசு கலைந்துவிடும்.

நபியவர்கள் பிறந்த ரபியுல் அவ்வல் மாதம் வந்தது. எங்கள் வீட்டில் அவர்கள் புகழ் பாடும் மௌலூது ஓதி நெய்ச்சோறு ஆக்கிச் சொந்தக்காரர்களுக்கும் அண்டை அயலுக்கும் போடுவது என் அத்தா காலத்திலிருந்து உள்ளது. ஒரே கூரைக்குக் கீழே இருக்கிறவரை விட்டுவிட்டு எப்படிச் சாப்பிடுவது? அவரையும் அழைத்தோம். காதர் குடும்பமும் வந்தது. மரியம் காலையிலிருந்தே எங்கள் அடுப்படியில் நின்று வேலை செய்தாள்.

எங்கள் பக்கம் விருந்தென்றால் சஹன்தான். பெரிய வட்டத் தட்டில் சோற்றைக் கொட்டி நடுவில் கறியை வைப்பார்கள். நாலு பேர் சுற்றி உட்கார்ந்து ஒரே தட்டில் கை வைத்துத் தின்போம். சஹனில் உட்கார்ந்தவன் மற்ற மூன்று பேரும் முடிக்கும் முன்னால் எழுந்திருக்கக் கூடாது. அப்படி எழுந்தால் கூட உட்கார்ந்தவர்களை அவமதித்ததாகும். சின்னப் பிள்ளைக்குக்கூட இது தெரியும். இத்தனை நாளில் அவருக்கும் தெரிந்திருந்தது.

"நான் காதரோட உக்காந்துக்கறேன்," என்று அவரே போய் உட்கார்ந்தார். நான் ஓடிப்போய் மூன்றாவது ஆளாக உட்கார்ந்தேன். நாலாவது சாகுல்.

"சார், நல்லிய நீங்களே எடுத்துக்கிட்டா எப்புடி? புரபசர்னா எலும்புலயும் படிப்பு இருக்கும்போல," என்று சாகுல் கிண்டல் செய்தான். காதர் மரியாதைக்காகத் தன் பக்கத்துக் கறியையும் அவர் பக்கம் நகர்த்தி வைத்தான். விருந்தாளிக்கு அப்படித்தான் செய்வோம்.

நாங்கள் உட்கார்ந்திருந்த கூடத்துக்கும் உள்ளறைக்கும் நடுவில் ஒரு திரைதான். பெண்கள் உள்ளே இருந்தார்கள். பேச்சும் சிரிப்பும் கேட்டுக்கொண்டிருந்தது.

அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே எல்லாருக்கும் கேட்கிற குரலில் சொன்னார்: "சுல்தான் கேசு ரெக்கார்டைப் பார்த்தேன் பாய். பாவம், கடைசியில உயிருக்குப் பயந்து, கூட வந்த பசங்க பேரையெல்லாம் சொல்லிட்டானாம். அதிகாரி காலைப் பிடிச்சுக்கிட்டு அழுதானாம்."

காதரின் கை சோற்றில் நின்றது. நான் அவன் முழங்காலை அழுத்தினேன்.

"அதெல்லாம் இப்ப எதுக்கு சார், சோத்தைத் தின்னுங்க," என்றேன்.

"இல்ல பாய், நம்ம ஊருப் பையன், தெரிஞ்சுக்கணும்ல. அவனே போலீசுக்கு ஆள் அனுப்பி, விலை பேசித்தான் சரண்டர் ஆனானாம். காசுக்காக வந்தவன், காசுக்காகப் போனான். மத்தவங்க தூக்குக்கும் அவன்தான் காரணமாம்."

"எங்கண்ணன் யாரையும் சொல்லலை சார்," என்றான் காதர்.

"ரெக்கார்டுல இருக்கே தம்பி."

"இருக்காது. அடிச்சுக் கொன்னாலும் அவுக சொல்ல மாட்டாக."

"அப்ப அவன் இருந்த இடம் போலீசுக்கு எப்படித் தெரியும்? அவனே சொன்னாத்தானே உண்டு?"

சாகுலுக்கு அப்போதுதான் ஏதோ உறைத்தது போலிருக்கிறது. "சார், விடுங்க சார்," என்றான். காதர் எழுந்து போயிருக்கலாம். வேறு எந்த இடமாக இருந்தாலும் போயிருப்பான். சஹனில் கை இருந்தது.

"நான் சொன்னேன்," என்றான். "எங்கத்தாவை நிக்க வச்சிருந்தாங்க. எடத்தை நான்தான் சொன்னேன். எங்கண்ணன் யாரையும் காட்டிக் குடுக்கலை. அவுகளைப் பத்தி அப்புடி எழுதாதீங்க."

அவருடைய தாடை நின்றது.

உள்ளே பெண்களின் பேச்சும் நின்றது. நான் காதரைப் பார்த்தேன், சாகுல் என்னைப் பார்த்தான். அவர் மட்டும் எங்களில் ஒருவரையும் பார்க்கவில்லை. திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்போதுதான் எனக்குப் புரிந்தது. சேதி அவருக்கு ஏற்கெனவே தெரியும். அரிமளத்திலும் என் முகத்திலும் கிடைத்துவிட்டது. இன்றைக்கு அவர் வந்தது அந்தத் திரைக்குப் பின்னால் இருப்பவளுக்குச் சேதி போய்ச் சேரும் நேரத்தில் பக்கத்தில் இருப்பதற்கு.

கொஞ்ச நேரம் அப்படியே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, நல்லி எலும்பை எடுத்துச் சஹன் விளிம்பில் தட்டி, வாயில் வைத்து உறிஞ்சினார். அந்தச் சத்தம் அந்தக் கூடம் முழுவதும் கேட்டது.

காதர் எழுந்திருக்கவில்லை. குனிந்து ஒரு கவளம் எடுத்துத் தின்றான். நானும் தின்றேன். சாகுலும் தின்றான். எங்களுக்கு வேறென்ன செய்வதென்று தெரியவில்லை. தட்டைக் காலி செய்தோம். முடிந்ததும் வீட்டுக்காரன் என்கிற முறைக்கு நான் செம்பில் தண்ணீர் எடுத்து விருந்தாளிகளின் கைக்கு ஊற்ற வேண்டும். அந்தக் கைக்கும் ஊற்றினேன். விரல் விரலாகத் தேய்த்துக் கழுவினார்.

மரியம் புறப்பட்டபோது அழவில்லை. முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, பிள்ளைகளோடு காதருக்குப் பின்னால் நடந்து போனாள். அதற்கு முன் சஹன்களைத் தேய்க்கும்போது என் வீட்டுக்காரியிடம் ஏதோ சொல்லியிருக்கிறாள்.

மறுநாள் காலையில் நான் மண்டிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். அவர் மச்சிலிருந்து இறங்கி வந்தார்.

"ஒரு சின்ன உதவி பாய். காதர் அப்படிச் சொன்னப்ப அந்தம்மா முகம் எப்படி இருந்துச்சுன்னு உங்க வீட்ல கேட்டுச் சொல்லுங்க. ஒரு பாராவுக்கு வேணும். திரை இருந்ததால நான் பாக்க முடியலை."

நான் கையை ஓங்கவில்லை. நபிவழி என்று தாடி வைத்திருக்கிறேன், வயசும் ஆகியிருந்தது. "அறையைக் காலி பண்ணிருங்க சார், இன்னைக்கே," என்று மட்டும் சொன்னேன்.

கதவுக்குப் பின்னாலிருந்து என் வீட்டுக்காரி பேசினாள். "சார்கிட்டச் சொல்லுங்க. நாங்க கறியைப் பங்கு வச்சுக்கிட்டிருந்தோம். யாரு மூஞ்சியையும் யாரும் பாக்கலை. நாய்க்குப் போட்ட எலும்பைத்தான் பாத்துக்கிட்டிருந்தோம்."

அவர் கோபப்படவில்லை. "அப்ப எல்லாரும் கவனிச்சுக் கேட்டுக்கிட்டுத்தான் இருந்திருக்கீங்க," என்று சொல்லிக்கொண்டே படியேறிப் போனார். மத்தியான பஸ்ஸில் டிரங்குப் பெட்டிகளோடு போய்விட்டார். அறையைக் கழுவிவிட்டோம். மூன்று தண்ணீர் விட்டும் என் வீட்டுக்காரிக்குத் திருப்தியில்லை. கருவாட்டுச் சாக்கை அங்கே கொண்டுவந்து அடுக்கச் சொன்னாள்.

சில வருஷத்தில் இரண்டாம் பாகம் அச்சாகி எனக்குத் தபாலில் வந்தது. "பாய்க்கு அன்புடன்" என்று கையெழுத்துப் போட்டிருந்தார். எங்கள் ஊர் ஒரு அத்தியாயம் முழுக்க இருந்தது. சொந்தப் பெயர்களோடு. இடத்தைச் சொன்னது தான்தான் என்று காதர் தன் வாயால் சொன்னதை அப்படியே எழுதியிருந்தார். அதில் குறை சொல்ல முடியாது. ஆனால் தம்பிக்கு அண்ணன் பெண்டாட்டி மேல் முன்னமே கண் என்றும், அதற்காகவே அண்ணனைக் காட்டிக்கொடுத்தான் என்றும் சேர்த்திருந்தார். தகப்பனாரை வெயிலில் நிறுத்தியதைப் பற்றி ஒரு வரி இல்லை. அண்ணன் மானத்துக்காகத் தன்னையே கொடுத்த மனிதனைப் பற்றி இப்படி எழுத ஒரு மனிதனுக்குக் கை வருமா? பக்கத்தைத் தொட்ட விரலை நான் சட்டையில் துடைத்துக்கொண்டேன்.

அதற்குப் பிறகும் காதர் சில வருஷம் என் மண்டியில் வேலை செய்தான். அந்தப் புத்தகத்தை அவன் பார்த்தானா என்று நான் கேட்கவில்லை. காமாலையில் மௌத்தாகிப் போனான். அந்தச் சரித்திரக்காரர் இறந்த சேதி அதற்குப் பின்னால் பேப்பரில் சின்னதாக வந்தது. நம்மோடு ஒரு வருஷம் இருந்தவர் என்று துஆவுக்குக் கையேந்தினேன். வார்த்தை வரவில்லை. அல்லாஹ் என்னை மன்னிக்கட்டும்.

மரியமும் போய்ச் சேர்ந்த பிறகு, சுல்தானின் மகன் அந்தப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு என்னைப் பார்க்க வந்தான். இப்போது அவனுக்கும் ஒரு பிள்ளை இருக்கிறது.

"மாமு, நாளைக்கு என் மகன் இதைத்தானே படிப்பான்? இது ஒண்ணு மட்டும் இருக்கக்கூடாது. ஒங்களுக்குத் தெரிஞ்சதை எழுதுங்க," என்றான்.

நான் யோசித்தேன். அந்தப் பொய்யையும் ஒருவேளை அவர் தெரிந்தேதான் எழுதினாரோ, யாராவது பொறுக்காமல் திருத்தி எழுதுவார்கள் என்று வாயில் எதையோ மென்றுகொண்டு காத்திருந்தாரோ என்று இப்போதும் எனக்குச் சந்தேகம் இருக்கிறது. இருந்தால் இருக்கட்டும், இனி அவருக்கு என்ன கிடைக்கப்போகிறது? எழுதுகிறேன் என்று ஒப்புக்கொண்டேன். எல்லாவற்றையும் எழுதலாமா என்று அவனிடம் கேட்டேன்.

"அம்மா அன்னைக்கு மாமிகிட்ட என்னமோ சொன்னாங்களாமே, அதை மட்டும் விட்டுருங்க. எங்கிட்டயும் சொல்லாதீங்க."

"சரிப்பா."

புத்தகத்தைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு எழுந்தான். போகிறவன் வாசலில் நின்றான்.

"அந்த விருந்துக்கு முன்னாடியெல்லாம் காதர் அத்தாவுக்கு அம்மாதான் சோறு வைப்பாங்க மாமு. மறுநாள் மத்தியானம் தட்டுல சோத்தைப் போட்டு, கொழம்பை ஊத்தி, என் கையில குடுத்தாங்க. 'கொண்டுபோயி வச்சிட்டு வா'ன்னாங்க. ஒரு வேளைகூடத் தவறாம ஆக்குனாங்க. மீன் முள்ளுகூட எடுத்துத்தான் போடுவாங்க. அவுக மௌத்தாகுற வரைக்கும் நான்தான் கொண்டுபோயி வச்சேன்."